இரவல் பெயரில் ஆடியவர்கள்

வேலாயுதத்துக்குக் கோபம் வந்தால் இடது முழங்கால் நடுங்கும். முகத்தில் ஒன்றும் தெரியாது, குரலும் உயராது. கோர்ட்டில் அவனோடு பழகிய வக்கீல்களுக்கு இது நன்றாகத் தெரியும். கறுப்பு அங்கிக்குக் கீழே லோஞ்சிக் கைலி படபடத்தால் போதும், இன்றைக்கு எவனுக்கோ இருக்கிறது என்று ஒதுங்கிக்கொள்வார்கள். அந்த முழங்காலைக் கெடுத்தவன் ஒருவன் இருக்கிறான். அவனை விட்டுவிட்டு வேலாயுதத்தின் கதையைச் சொல்ல வழியில்லை. பெயரை எழுதவே கை கூசுகிறது, ஆனாலும் எழுதித்தான் ஆகவேண்டும். ஊ பா ஸான். ஓர் அரசாங்க இலாகாவின் பந்தாட்டக் குழுவுக்கு மேனேஜராக இருந்த பெரிய மனிதர்.

வேலாயுதம் பிறந்தது ரங்கூனின் லான்மடா பேட்டையில், மாடிப்படிக்குக் கீழே இருந்த ஓர் அறையில். பாட்டன் துறைமுகத்தில் மூட்டை தூக்கினவர். அப்பா அப்பாசாமி முனிசிபாலிட்டியில் சாக்கடை வேலை. ரங்கூன் நகரத்து நாற்றத்தையெல்லாம் முப்பது வருஷம் அள்ளிப்போட்ட அந்த மனிதருக்கு அரசாங்கம் கொடுத்த மரியாதை என்ன தெரியுமா? வெளிநாட்டவர் என்று ஓர் அட்டை. அந்த ஊரிலேயே பிறந்து, அந்த ஊர்த் தண்ணீரையே குடித்து வளர்ந்தவர், வருஷம் தவறாமல் குடிவரவு ஆபீசில் வரிசையில் நின்று, நான் இந்த ஊரான் இல்லை என்று கையெழுத்துப் போட்டுவிட்டு வரவேண்டும். அவர் அதற்காக ஒருநாளும் கோபப்பட்டதில்லை. அவர் படாத கோபத்தையும் சேர்த்து மகன் பட்டான் என்றுதான் நினைக்கிறேன்.

எண்பத்தெட்டு ஆகஸ்டில் அரசாங்கத்தை எதிர்த்துத் தெருவெல்லாம் ஜனம் திரண்டபோது வேலாயுதத்துக்குப் பத்தொன்பது வயது. அவனும் பக்கத்துத் தெரு ஜமாலும் ஊர்வலத்தில் போனார்கள். ஜமால் வெற்றிலைக் கடைக்காரர் மகன், தமிழ் முஸ்லிம், வேலாயுதத்தோடு சிறு வயதிலிருந்தே பந்து உதைத்தவன். லாரிமேல் நின்ற ஒரு மாணவன், பர்மாக்காரன் என்றும் காலா என்றும் இனிமேல் பேதம் கிடையாது என்று ஒலிபெருக்கியில் தொண்டை கிழியக் கத்தினான். காலா என்பது அங்கே இந்திய முகம் உள்ள எவனையும் கூப்பிடுகிற வார்த்தை. மரியாதையான வார்த்தை இல்லை. வேலாயுதம் அந்த மாணவன் சொன்னதை அப்படியே நம்பினான். செப்டம்பரில் ராணுவத்தின் துப்பாக்கி பேசியது. அதற்குப் பிறகு யார் என்ன சொன்னாலும் நம்புகிற பழக்கம் அவனை விட்டுப் போயிற்று.

மறு வருஷம் ஒரு திறந்த மைதானத்தில் இரண்டு பேரும் ஆடிக்கொண்டிருந்ததை ஊ பா ஸான் பார்த்தார். வேலாயுதத்துக்குக் கோல் போடும் ஆசையே கிடையாது. நட்டநடுவில் நிற்பான். பந்து காலுக்கு வருமுன்பே அது யாருக்குப் போகவேண்டும் என்று தீர்மானித்து வைத்திருப்பான். வலது ஓரத்தில் ஜமால் திரும்பிக்கூடப் பார்க்காமல் ஓடுவான். ஓடுகிறவன் காலடியில் பந்து தானாக வந்து விழும். எதிராளிகள் வேலாயுதத்தைச் சூழ்ந்துகொள்வார்கள், பந்தோ எப்போதோ போய்விட்டிருக்கும்.

“இந்த ரெண்டு காலாவும் எனக்கு வேணும்” என்றார் ஊ பா ஸான்.

வேண்டும் என்றால் போதுமா? இலாகாவில் ஆடுகிறவன் இலாகாவில் வேலை பார்க்க வேண்டும். வேலை பார்க்கிறவன் குடிமகனாக இருக்க வேண்டும். வெளிநாட்டு அட்டைக்காரன் மகனுக்கு அங்கே என்ன வேலை? ஊ பா ஸானுக்கு அது ஒரு பெரிய காரியமாகவே படவில்லை. பழைய அடையாளக் கார்டை வாங்கிக்கொண்டு புதிய கார்டு கொடுத்துவந்த சமயம் அது. குழப்பத்துக்குக் குறைவில்லை. ரங்கூனுக்கு வடக்கே மாவ்பியில் டோ செய்ன் என்று ஒரு விதவை, சந்தையில் கீரை விற்றுப் பிழைத்தவள். அவளுடைய ஒரே மகன் ஹ்லா சோ ஒன்பது வயதில் பாம்பு கடித்துச் செத்துப்போனான். குடும்பப் பதிவிலிருந்து அவன் பெயரை யாரும் அடிக்கவில்லை. உயிரோடு இருந்திருந்தால் வேலாயுதத்தின் வயதுதான். அவ்வளவு போதாதா? வேலாயுதம் ஒரே வாரத்தில் மௌங் ஹ்லா சோ ஆனான். ஜமாலுக்குக் கிடைத்தது உயிரோடு இருந்தவனின் பெயர். மௌங் மௌங் லாட் என்ற ஒருத்தன், ஊ பா ஸானின் மச்சான் வழி உறவு, கப்பல் வேலைக்கு ஓடிப்போனவன். அவன் பெயரில் ஜமால் கிடங்கு வேலையாளாகச் சேர்ந்தான்.

குழுவில் அந்த மாதிரி இரவல் பெயர்க்காரர்கள் இன்னும் நாலைந்து பேர் இருந்தார்கள். எல்லாருக்கும் தெரியும், எவரும் பேசுவதில்லை.

“பேரு போனா போவுதுப்பா. வேலை கெடைக்குதுல்ல?” என்றார் அப்பாசாமி.

அம்மா பவுனம்மாள்தான் அழுதாள். “முருகன் பேருடா அது. செத்த புள்ள பேரைப் போட்டுக்கிட்டுத் திரியப் போறியா?”

டோ செய்னைப் பார்க்க அவனே ஒருநாள் மாவ்பிக்குப் போனான். அவள் அவனைக் கொஞ்ச நேரம் ஏற இறங்கப் பார்த்துவிட்டு, சோறு போட்டாள். கிளம்பும்போது ஒன்றே ஒன்று சொன்னாள். “எம் புள்ளை பேரைக் கெட்ட பேராக்கிடாதே.” அதற்குப் பிறகு அவள் சாகும்வரை மாதம் ஒருமுறையாவது அவன் அந்தச் சந்தைக்குப் போய்வந்தான். அவள் அவனைச் சோ என்றுதான் கூப்பிட்டாள். அவனும் அம்மா என்றான். அதை நாடகம் என்று யாரும் சொல்லவேண்டாம். இரண்டு பேருக்கும் வேறு வழி இல்லாமல்போனதால் வந்த உறவு அது, ஆனாலும் உறவுதான்.

ஆறு வருஷம் ஆடினான். பத்திரிகையில் பெயர் வரும். வந்ததெல்லாம் ஹ்லா சோதான். மைதானத்தில் ஜமால் வாய் தவறி ‘வேலா’ என்று கூப்பிட்டுவிட்டால் ஊ பா ஸான் இடைவேளையில் கன்னத்தில் அறைவார். இருபத்தைந்து வயது ஆம்பிளையை, மற்றவர்கள் பார்க்க.

தொண்ணூற்றைந்தில் ஒரு கோப்பையின் கடைசி ஆட்டம். வேலாயுதத்தின் முழங்கால் அதற்கு இரண்டு வாரம் முன்பே வீங்கிப் பூசணிக்காயாகக் கிடந்தது. டாக்டர் ஆடக்கூடாது என்றார். ஊ பா ஸான் வேறொரு டாக்டரைக் கொண்டுவந்தார். ஊசி போட்டார்கள். வலி மறைந்தது. வலி மறைந்த காலை நம்பி அவன் திரும்பினான், முழங்காலுக்குள் ஏதோ அறுந்த சத்தம் அவனுக்கே கேட்டது. கோப்பை கிடைத்தது. ஊ பா ஸான் மாலையோடு படம் எடுத்துக்கொண்டார். அப்போது வேலாயுதம் ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் பாயில் கிடந்தான்.

காலை ஊன்ற முடிந்ததும் வேலையை விட்டு நிறுத்தி, இலாகா குடியிருப்பைக் காலி செய்யச் சொன்னார்கள். அவன் நஷ்டஈடு கேட்கப் போனான். ஊ பா ஸான் தேநீர் ஆற்றிக்கொண்டே கேட்டார்.

“யாருக்குடா நஷ்டஈடு? ஹ்லா சோவுக்கா? அவன் ஒம்போது வயசுலயே செத்துட்டான். போய்ப் பேசு. வாயைத் தெறந்தா நீ உள்ளே போவே. பதிவை வெச்சிருந்த கிழவியும் உள்ளே போவா. உன்னால அவ ஜெயில்ல சாகணுமா?”

வேலாயுதம் வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டான். அன்றைக்குத்தான் முழங்கால் முதல் தடவையாக வலி இல்லாமல் நடுங்கிற்று.

அந்த வருஷமே அவனுக்கும் புஷ்பலதாவுக்கும் காளி கோயிலில் கல்யாணம் நடந்தது. தாலி கட்டினவன் வேலாயுதம். அரசாங்கக் கணக்கில் ஹ்லா சோ பிரம்மச்சாரி. புஷ்பலதா வீட்டிலேயே தையல் மிஷின் ஓட்டிச் சோறு போட்டாள். குழந்தை வேண்டாம் என்று இரண்டு பேரும் முடிவு செய்தார்கள். பிறந்தால் அப்பன் பெயர் என்று எதை எழுதுவது? செத்த பையன் பெயரையா? அக்கம்பக்கத்தில் அவளை மலடி என்றார்கள். அவள் பதில் சொல்லவில்லை. சொன்னால் புருஷன் ஜெயிலுக்குப் போவான். இந்த ஒரு அநியாயத்துக்கே அந்த இலாகாவைக் கொளுத்தலாம்.

வேலாயுதம் கோர்ட்டு வாசலில் ஒரு கிழட்டு வக்கீலுக்கு மனு எழுதிக் கொடுக்கும் வேலைக்குப் போனான். அங்கேதான் சட்டப் புத்தகம் கையில் சிக்கியது. மாணவர்களுக்குப் பயந்து அரசாங்கம் மூடிமூடித் திறந்த பல்கலைக்கழகத்தை நம்பாமல் தபால் வழியில் படித்தான். இதில் ஒரு கொடுமை என்னவென்றால், அவனைச் சட்டம் படிக்கவைத்ததும் அந்த இரவல் பெயர்தான். வேலாயுதம் என்று விண்ணப்பம் போட்டிருந்தால் வாசலிலேயே கழுத்தைப் பிடித்துத் தள்ளியிருப்பார்கள். பொய்ப் பெயருக்குத்தான் நியாயம் பேச உரிமை கிடைத்தது. இரண்டாயிரத்தொன்றில் ஊ ஹ்லா சோ என்று வக்கீல் சன்னது வந்தது. வயதோடு மாறும் அடைமொழியில் மௌங் போய்க் கோ ஆகி, கோ போய் ஊ ஆகிவிட்டது. மரியாதை ஏறிக்கொண்டே போனது. அது ஏறியது வேறொருவன் தலையில்.

அவனிடம் வந்தவர்கள் எல்லாரும் மற்ற வக்கீல்கள் திருப்பி அனுப்பினவர்கள். லைங் தாயாவின் தையல் தொழிற்சாலையில் கை நசுங்கின பெண்கள், ஒரே நாளில் குடிசை பிடுங்கப்பட்டவர்கள், சந்தையில் இடம் பறிபோன கிழவிகள். அவனுக்கு ஆபீஸ் என்று ஒன்று கிடையாது. டீக்கடையில் ஒரு மூலை மேசை, அவ்வளவுதான். ஜெயித்ததைவிடத் தோற்றதுதான் அதிகம். ஆனால் தோற்கும்போதும் எதிராளியை வியர்க்க வைத்துவிட்டுத்தான் தோற்பான். அதற்காகவே ஜனங்கள் வந்தார்கள்.

இரண்டாயிரத்து மூன்றில் டோ செய்ன் காலமானாள். கொள்ளி போடுகிற இடத்தில் நின்றவன் வேலாயுதம்தான்.

ஜமால் ஆட்டத்தை நிறுத்திய பிறகும் அதே இலாகாவின் பஞ்சுக் கிடங்கில் மௌங் மௌங் லாட் ஆகவே மூட்டை அடுக்கிக்கொண்டிருந்தான். நல்ல உழைப்பாளி. யாரும் அவனைத் தொந்தரவு செய்யவில்லை. கரீமாவைக் கட்டி லைங் தாயாவில் குடியிருந்தான், இரண்டு பிள்ளைகள். இரண்டாயிரத்தெட்டு மே மாதப் புயல் ஊரைத் துவைத்துப் போட்டது இல்லையா, அதற்கு நாலாம் நாள் கிடங்கில் ஆட்களை வரச்சொன்னார்கள். சுவர் விரிந்து நின்றது, கூரை பாதி இல்லை. பஞ்சு நனைகிறது, எடுத்து வெளியே போடு என்றார்கள். போட்டான். சுவர் அவன்மேல் விழுந்தது.

விரிந்த சுவருக்குக் கீழே ஆளை அனுப்பினது யார் என்று கேள்வி வருமே? வராமல் இருக்க இலாகா ஒரு வழி கண்டுபிடித்தது. கிடங்கு வாசலில் நோட்டீஸ் ஒட்டினார்கள். புயல் சமயத்தைப் பயன்படுத்திச் சுவரேறிக் குதித்துப் பஞ்சு திருட வந்த ஒரு காலா, சுவர் இடிந்து இறந்தான். மௌங் மௌங் லாட் என்ற ஊழியர் நலமாக இருக்கிறார். அவர் எப்போதோ ராஜினாமா செய்துவிட்டார். ஜமால் என்று எவரும் இங்கே வேலை பார்த்ததில்லை.

பதினெட்டு வருஷம் முதுகு ஒடிய மூட்டை தூக்கினவனைத் திருடன் என்று எழுதி ஒட்டினார்கள். கரீமா வேலை பார்த்த தொழிற்சாலையில் சூப்பர்வைசர் அவள் பையைத் தினம் சோதிக்க ஆரம்பித்தான். பக்கத்து வீட்டுக்காரர்கள் கொடியில் காயும் துணியை உள்ளே எடுத்து வைத்தார்கள்.

அவள் டீக்கடைக்கு வந்து வேலாயுதத்துக்கு எதிரே உட்கார்ந்தாள். அழவில்லை. அழுகை தீர்ந்துபோயிருந்தது.

“அவுங்க தர்றது எதுவும் எனக்கு வாணாம்ணே. நான் மிஷின் மிதிச்சுப் புள்ளைகளைக் காப்பாத்திக்குவேன். அவரு திருடன் இல்லன்னு கவர்மெண்டே எழுதிக் குடுக்கணும். அது மட்டும் போதும்.”

“எழுத வெக்கிறேன்” என்றான் வேலாயுதம். சொல்லிவிட்டுத்தான் எப்படி என்று யோசித்தான். ஜமால் அங்கே வேலை பார்த்தான் என்று காட்ட வேண்டுமானால், இரவல் பெயரில் ஆள் வைப்பது இலாகாவின் வழக்கம் என்று யாராவது கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டும். பழைய ஆட்டக்காரர்கள் ஒவ்வொருவராகப் போய்ப் பார்த்தான். ஒருத்தன் காலில் விழுந்தான். ஒருத்தன் வீட்டில் இல்லை என்று உள்ளே இருந்தபடியே சொல்லி அனுப்பினான். நல்லையா என்று ஒருவன், கோல்கீப்பராக இருந்தவன், அவனை வாசலிலேயே நிறுத்தி நேராகக் கேட்டான்.

“ஏன் வேலா, ஒம் பேரு மட்டும் என்னா பேரு? நீ போய்ச் சொல்லேன்.”

நல்லையா கேட்டதில் என்ன தப்பு?

வீட்டுக்கு வந்து புஷ்பலதாவிடம் சொன்னான். அவள் தைத்துக்கொண்டிருந்த துணியைத் தூக்கி எறிந்தாள்.

“அதெல்லாம் வாணாங்க. ஜமால் அண்ணனுக்காக நானும்தான் அழுவுறேன். ஆனா நீங்க கூண்டுல ஏறுனா சன்னது போவும், நீங்களும் போயிடுவீங்க. நான் மட்டும் இந்த அறையில என்னா பண்ணுவேன்? இத்தனை வருசம் வாயை மூடிக்கிட்டு இருந்தது எதுக்கு? மலடின்னு பேரு வாங்குனது எதுக்கு?”

அவளுக்கு அவன் வாக்குக் கொடுத்தான். வேறு சாட்சி தேடுகிறேன், நான் ஏறமாட்டேன் என்றான். உண்மையாகவே அப்படித்தான் நினைத்துக் கொடுத்தான்.

கரீமா பெயரில் அவன் போட்ட வழக்கு இரண்டாயிரத்தொன்பதில் விசாரணைக்கு வந்தது. இலாகா முதலில் அசல் மௌங் மௌங் லாட்டைக் கொண்டுவந்து நிறுத்தியது. கப்பலிலிருந்து திரும்பி எங்கோ கள்ளுக்கடை வைத்திருந்தவன். தொப்பை அவனுக்கு முன்னால் வந்தது, அவன் பின்னால் வந்தான்.

“நீங்கள் இலாகா குழுவில் வலது ஓரம் ஆடினீர்களா?” என்று கேட்டான் வேலாயுதம்.

“ஆமா.”

“பந்து வலது கோட்டுக்கு வெளியே போனால் யார் எறியவேண்டும்?”

அவன் யோசித்தான். “மேனேஜர்” என்றான்.

கோர்ட்டில் சிரித்தார்கள். ஜட்ஜும் சிரித்தார். ஆனால் எழுதிக்கொள்ளவில்லை. இலாகா வக்கீல் எழுந்து, பந்தாட்டம் மறந்துபோவது குற்றமல்ல என்றார். அது மட்டும் எழுதப்பட்டது.

இரண்டாவது சாட்சி ஊ பா ஸான். ரிட்டையர் ஆகி, பட்டுக் கௌங்பௌங் தலைப்பாகையும் மோதிரமுமாக வந்தார். பந்தாட்ட வட்டாரத்தில் இப்போதும் அவர் சொன்னதுதான் சட்டம். கூண்டில் ஏறி, கூட்டத்தைப் பார்க்கவில்லை, ஜட்ஜைப் பார்க்கவில்லை. வேலாயுதத்தின் கண்ணைப் பார்த்துச் சொன்னார்.

“என் காலத்தில் பொய்ப் பெயரில் ஆடினவன், வேலை பார்த்தவன், ஒருவன்கூடக் கிடையாது. இருந்திருந்தால் இந்த வக்கீல் ஊ ஹ்லா சோவுக்கே தெரிந்திருக்கும். அவர் என் குழுவில் ஆறு வருஷம் ஆடினவர். கேட்டுப் பாருங்கள்.”

சொல்லிவிட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்புக்கு என்ன அர்த்தம் என்று அங்கே இரண்டு பேருக்குத்தான் தெரியும். காலை உடைத்தேன், வாயை மூடினாய். குடியிருப்பிலிருந்து துரத்தினேன், வாயை மூடினாய். உன் சிநேகிதனைக் கொன்று திருடன் என்று எழுதினோம், இப்போதும் மூடிக்கொண்டுதான் நிற்பாய். ஏனென்றால் நீ போட்டிருக்கும் அங்கி நான் கொடுத்த பெயரில் தைத்தது.

பின்பெஞ்சில் கரீமா இருந்தாள். அவளுக்குப் பக்கத்தில் புஷ்பலதா, அன்றைக்கு என்று பார்த்து வந்திருந்தாள். இலாகா வக்கீல், திருட வந்த காலாவுக்கு இத்தனை வாதமா என்று முணுமுணுத்தது எல்லாருக்கும் கேட்டது.

வேலாயுதம் குறுக்கு விசாரணைக்கு எழுந்தான். லோஞ்சி படபடத்தது.

“என்னை உங்களுக்கு எப்போதிலிருந்து தெரியும், ஐயா?”

“எண்பத்தொன்பதிலிருந்து.”

“என் ஊர்?”

“மாவ்பி. டோ செய்ன் மகன்.”

“சத்தியமாக?”

“சத்தியமாக.”

வேலாயுதம் ஜட்ஜின் பக்கம் திரும்பினான். தன் வக்கீல் தலைப்பாகையைக் கழற்றி மேசைமேல் வைத்தான். அங்கியைக் கழற்றி நாற்காலியில் போட்டான்.

“ஐயா, இந்த வழக்கிலிருந்து வக்கீலாக நான் விலகிக்கொள்கிறேன். சாட்சியாக ஏறுகிறேன். டோ செய்ன் மகன் ஹ்லா சோ ஒன்பது வயதில் பாம்பு கடித்துச் செத்துப்போன குழந்தை. அவன்மேல் எந்தக் குற்றமும் கிடையாது. என் பெயர் வேலாயுதம். அப்பா அப்பாசாமி. நான் ஒரு காலா. அந்தப் பெயரை எனக்குப் போட்டவர் இதோ கூண்டில் நிற்கிறார். அதே வாரம் ஜமாலுக்கும் போட்டார்.”

அவன் குரல் அப்போதும் உயரவில்லை. புஷ்பலதா முகத்தைப் பொத்திக்கொண்டாள். அவனுக்கு அந்தப் பக்கம் பார்க்கத் தைரியம் வரவில்லை.

அன்று மாலையே கைது செய்தார்கள். கரீமாவின் வழக்கில் ஜட்ஜ் என்ன செய்தார் தெரியுமா? சட்டப்படி இல்லாத ஓர் ஆளின் வாக்குமூலத்தை ஏற்க முடியாது என்று சொல்லி, தீர்ப்பை ஒத்திவைத்துவிட்டார். ஜெயிலில் போடும்போது மட்டும் ஆள் இருக்கிறான், சாட்சி சொல்லும்போது இல்லை. இந்த நியாயத்தை எந்தப் புத்தகத்தில் படித்தாரோ.

புஷ்பலதா லாக்கப்புக்கு வந்தாள். கம்பிக்கு இந்தப் பக்கம் நின்று கத்தினாள்.

“எனக்கு வாக்குக் குடுத்தீங்களா இல்லியா?”

“குடுத்தேன்.”

“அப்புறம்?”

“அவன் சிரிச்சான் புஷ்பா.”

அவள் கொண்டுவந்த சோற்றைக் கொடுத்துவிட்டுப் போனாள். மறுநாளும் வந்தாள், பேசாமல் கொடுத்துவிட்டுப் போனாள். மூன்றாம் நாள்தான் கேட்டாள்.

“இனிமே என்னா செய்யணும், சொல்லுங்க. அந்த ஆளு சிரிச்சதை நானும்தான் பார்த்தேன்.”

அவன் இரண்டு நாளாக அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தான். இலாகா அவனோடு ஒரு பேரம் பேச வந்திருந்தது. குற்றத்தைச் சுருக்கமாக ஒப்புக்கொள், தண்டனையைக் குறைக்கச் சொல்கிறோம், பழங்கதை எதுவும் வேண்டாம் என்றார்கள். அவர்களுக்கு அவசரம். மறுத்து வழக்காடினால் ஊ பா ஸான் கூண்டில் ஏறவேண்டிவரும், மற்ற இரவல் பெயர்களும் ஒவ்வொன்றாக வெளியே வரும். அவர்களுக்கு எது பயமோ அதுதான் தன் கையிலிருக்கும் பிடி என்பது வேலாயுதத்துக்குப் புரிந்துபோயிற்று.

இரண்டாயிரத்துப் பத்து தொடக்கத்தில் அவனை வேறொரு ஜட்ஜ் முன் நிறுத்தினார்கள்.

“குற்றத்தை ஒப்புக்கொள்கிறாயா?”

“ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முழுசாக எழுதிக்கொள்ள வேண்டும்.”

“ஒப்புக்கொண்டால் போதும். கதை வேண்டாம்.”

“அப்படியானால் மறுக்கிறேன் ஐயா. முதல் சாட்சியாக ஊ பா ஸானைக் கூப்பிடுங்கள். விசாரணை நடக்கட்டும். எனக்கு ஜெயிலில் அவசர வேலை ஒன்றும் இல்லை.”

இலாகா வக்கீல் ஜட்ஜின் அருகே போய், விசாரணை மட்டும் வேண்டாம் என்று குசுகுசுத்தார். ஜட்ஜ் பேனாவை எடுத்தார். வேலாயுதம் சொல்லச் சொல்ல எழுதினார். எண்பத்தொன்பதில், இலாகா குழுவின் மேனேஜர் தெரிந்தே, தன்னை ஹ்லா சோ என்ற பெயரிலும் ஜமாலை மௌங் மௌங் லாட் என்ற பெயரிலும் வேலைக்குச் சேர்த்தது. ஜமால் அன்றுமுதல் புயலுக்கு நாலாம் நாள்வரை அந்தக் கிடங்கில் வேலை பார்த்தது. மேலதிகாரி சொல்லித்தான் அன்று உள்ளே போனது. ஜட்ஜ் ஓரிடத்தில் பேனாவைத் தூக்கியபோது வேலாயுதமும் நிறுத்தினான். ஜட்ஜ் மறுபடி எழுதத் தொடங்கினதும்தான் மேலே சொன்னான்.

இவை அனைத்தும் உண்மை என்று கோர்ட் ஏற்றுக்கொண்டது. ஏற்காமல் எப்படித் தண்டிப்பது? பொய்ப் பெயரில் அரசாங்கத்தை ஏமாற்றியதற்கு மூன்று வருஷம். சன்னது ரத்து. ஊ பா ஸான் பெயருக்கு நேரே ஒன்றும் இல்லை. முதியவர், நாட்டின் பந்தாட்டத்துக்குச் சேவை செய்தவர் என்று விட்டுவிட்டார்கள். அதைப் படித்தபோது வேலாயுதம் பல்லைக் கடித்த சத்தம் பக்கத்தில் நின்ற போலீஸ்காரருக்கே கேட்டிருக்கும்.

தீர்ப்புக்கு முத்திரை போட்ட நகல் வேண்டும் என்று அவன் கேட்டான். தண்டனை வாங்கினவன் இப்படி விழுந்து விழுந்து நகல் கேட்டதை அந்தக் குமாஸ்தா அதுவரை பார்த்ததில்லை. வண்டி ஏறுமுன் கரீமாவும் புஷ்பலதாவும் தாழ்வாரத்தில் நின்றார்கள். விலங்குக் கையோடு அந்தத் தாள்களைக் கரீமாவிடம் நீட்டினான்.

“இதைக் கொண்டுபோய் ஒன் வழக்குல போடும்மா. புது வக்கீல்கிட்ட நான் சொல்லிட்டேன். ஒரு கோர்ட்டு உண்மைன்னு எழுதுனதை இன்னொரு கோர்ட்டு பொய்னு எழுத முடியாது.”

கரீமாவுக்குப் பர்மிய எழுத்து சரியாக ஓடாது. தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். “இதுல அவரைப் பத்தி என்னாண்ணே போட்டிருக்கு?”

“வேலையாளுன்னு போட்டிருக்கு.”

“திருடன்னு?”

“இல்ல. குத்தவாளின்னு ஒருத்தனைத்தான் போட்டிருக்கு. அது நான்.”

கரீமா அந்தத் தாள்களை முந்தானைக்குள் வைத்து அணைத்துக்கொண்டு, தீர்ந்துபோனதாக நினைத்த அழுகையெல்லாம் சேர்ந்து வர, நின்ற இடத்திலேயே உட்கார்ந்துவிட்டாள். புஷ்பலதா அவளைத் தூக்கி நிறுத்தினாள். போலீஸ்காரர் நேரமாகிறது என்று வேலாயுதத்தின் தோளைத் தள்ளினார். புஷ்பலதா அவர் கையைத் தட்டிவிட்டாள்.

“தள்ளாதே. அவுரே நடந்து வருவாரு” என்றாள்.